பீட்டர் கன் வாசிக்கும் முன்

சாக்ஸபோன் பழக ஆரம்பித்து ஒரு வருடம் ஆனதும் மாணவர்கள் கேட்கத் தொடங்கும் பாடல்களில், பழைய துப்பறியும் தொடர்களின் முகப்பிசை கட்டாயம் ஒன்று இருக்கும். இரவு, ஈரமான தெரு, கோட்டுப் போட்ட துப்பறிவாளர், பின்னணியில் உறுமும் சாக்ஸபோன் என்ற படம் நம் எல்லார் மனதிலும் ஏதோ ஒரு வழியில் பதிந்திருக்கிறது. அப்படிக் கேட்பவர்களுக்கு நான் முதலில் கொடுப்பது ஹென்றி மான்சினியின் ‘பீட்டர் கன்’. அடித்தளத்தில் திரும்பத் திரும்ப வரும் எட்டு ஸ்வரங்கள், அதற்கு மேல் எளிய ஒரு மெட்டு, முழுப் பாட்டுக்கும் ஒரே கார்டு. காகிதத்தில் பார்த்தால் அரை மணி நேர வேலை. ஆனால் கேட்பவரை உட்காரவைக்கும்படி வாசிக்கச் சில மாதங்களாவது பிடிக்கும். இதில் விரல் வேலை கால்வாசிகூட இல்லை. லயமும் நாதமும்தான் மொத்தப் பாட்டும். அந்த இரண்டையும் வளர்க்க விரும்புகிறவருக்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியாது.

பாட்டின் பிறப்பைக் கொஞ்சம் தெரிந்துகொள்வது நல்லது, ஏனென்றால் வாசிக்கும் விதமே அதில்தான் இருக்கிறது. 1958 செப்டம்பரில் அமெரிக்காவின் என்.பி.சி. தொலைக்காட்சியில் ‘பீட்டர் கன்’ தொடர் தொடங்கியது. உருவாக்கியவர் பிளேக் எட்வர்ட்ஸ். துப்பறிவாளராக நடித்தவர் கிரெய்க் ஸ்டீவன்ஸ். கதாநாயகன் ஓயாமல் போய் உட்காரும் இடம் ‘மதர்ஸ்’ என்ற ஜாஸ் விடுதி. அதனால் ஜாஸ் இந்தத் தொடரில் ஒட்டவைத்த பின்னணியாக இல்லாமல் கதைக்குள்ளேயே ஒலித்தது. யுனிவர்சல் ஸ்டுடியோவில் வேலை போயிருந்த சமயம் அது மான்சினிக்கு. ஸ்டுடியோ வளாகத்தின் முடிதிருத்தகத்திலிருந்து வெளியே வரும்போது எட்வர்ட்ஸைப் பார்த்ததில் கிடைத்த வாய்ப்பு இது என்று அவரே சொல்லியிருக்கிறார். இந்தத் தொடரின் இசைத்தட்டு 1959-இல் நடந்த முதல் கிராமி விழாவில் ஆண்டின் சிறந்த ஆல்பம் விருதை வாங்கியது. அதில் பியானோ வாசித்த இளைஞர், பிற்காலத்தில் ‘ஸ்டார் வார்ஸ்’ இசையமைத்த ஜான் வில்லியம்ஸ்.

வாசிப்பவருக்கு முக்கியமான செய்தி வேறொன்று. இந்த முகப்பிசை ஜாஸைவிட ராக் அண்ட் ரோலுக்குத்தான் நெருக்கம் என்று மான்சினி தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். கிட்டாரும் பியானோவும் ஒன்றாகச் சேர்ந்து அந்த அடித்தள வரியை விடாமல் வாசிக்கின்றன. அச்சமூட்டுவது அந்த விடாப்பிடிதான். மேலே பித்தளை வாத்தியங்களும் சாக்ஸபோனும் கத்துகின்றன. ஆக, ஜாஸ் என்ற பெயரைக் கேட்டதும் நெளிந்து குழைந்து வாசிக்கத் தோன்றுமே, அந்த ஆசையை ஆரம்பத்திலேயே அடக்கிக்கொள்ளுங்கள்.

எந்தச் சாக்ஸபோன், எந்தச் சுருதி

மூலப் பாட்டு கான்சர்ட் எஃப் சுருதியில் இருக்கிறது. அடித்தள வரி எஃப், எஃப், ஜி, எஃப், ஏ ஃபிளாட், எஃப், பி ஃபிளாட், ஏ ஃபிளாட். சாக்ஸபோன் சுருதி மாறி ஒலிக்கும் வாத்தியம் என்பதால் நம் தாளில் இது வேறாக இருக்கும். ஆல்ட்டோ வாசிப்பவருக்கு டி, டி, ஈ, டி, எஃப், டி, ஜி, எஃப். டெனர் வாசிப்பவருக்கு ஜி, ஜி, ஏ, ஜி, பி ஃபிளாட், ஜி, சி, பி ஃபிளாட். பாரிடோனுக்கு ஆல்ட்டோவின் அதே விரல்கள்தான். ஒலிப்பது மட்டும் ஓர் ஆக்டேவ் கீழே.

ஆல்ட்டோவின் கீழ் டி-யும் டெனரின் நடு ஜி-யும் காதுக்கு ஒரே எஃப்தான். இரண்டு வாத்தியமும் கையில் உள்ள நண்பர்கள் சேர்ந்தால் ஒரே உயரத்தில் இந்த வரியைப் பகிர்ந்து வாசிக்கலாம். பாரிடோனின் டி, கிட்டாரின் தடித்த கம்பியில் முதல் கட்டில் பிடிக்கும் எஃப்-க்குச் சமம். உங்கள் குழுவில் பாரிடோன் இருந்தால் அடித்தள வரியை அவரிடம் விட்டுவிடுங்கள். வேறு எதுவும் அந்த இடத்தை அவ்வளவு நிறைவாக நிரப்பாது.

டிரினிட்டி கிரேடு தேர்வுகளுக்கு டி மேஜர் ஸ்கேல் தேய்த்துத் தேய்த்துப் பழகிய ஆல்ட்டோ மாணவர்களின் விரல் தானாக எஃப் ஷார்ப்புக்குப் போய்விடும். டெனர்காரர்களுக்கு ஜி மேஜர் பழக்கத்தால் பி ஃபிளாட் இருக்க வேண்டிய இடத்தில் பி விழும். அந்த அரை ஸ்வரம் மாறினால் துப்பறிவாளர் பள்ளி ஆண்டு விழாவுக்கு வந்துவிடுவார். முதல் நாளே அந்த ஸ்வரத்தைத் தாளில் பென்சிலால் வட்டமிட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த எட்டு ஸ்வரம்

கர்நாடக சங்கீதம் கற்றவர்களுக்கு இந்த வரியைச் சட்டென்று விளக்கிவிடலாம். எஃப்-ஐ ஷட்ஜமாக வைத்தால் ஸ ஸ ரி ஸ க ஸ ம க. சதுஸ்ருதி ரிஷபம், சாதாரண காந்தாரம், சுத்த மத்யமம். கரகரப்பிரியாவின் முதல் நான்கு ஸ்வரங்கள். இன்னும் உற்றுப் பாருங்கள். நான்கு தட்டுகளின் மேலும் விழுகிற ஸ்வரங்கள் ஸ, ரி, க, ம என்று படிப்படியாக ஏறுகின்றன. தட்டுகளுக்கு இடையில் விழுபவை ஸ, ஸ, ஸ என்று மூன்று முறை தரைக்குத் திரும்பி, கடைசியில் மட்டும் க-வில் நிற்கின்றன. ஏறப் பார்க்கிற ஒருவனை ஒவ்வொரு படியிலும் யாரோ கீழே இழுப்பது மாதிரி. பாட்டின் பதற்றம் பிறப்பது இந்த அமைப்பிலிருந்துதான். இதைப் புரிந்துகொண்டு வாசிப்பவரின் அழுத்தம் தானாகவே சரியான இடத்தில் விழும்: தட்டின் மேலுள்ள ஸ்வரம் ஒரு துளி கனமாக, இடையில் வரும் ஸ ஒரு துளி லேசாக. எல்லா ஸ்வரத்தையும் ஒரே கனத்தில் குத்தினால் தையல் மிஷின் சத்தம்தான் வரும்.

ஒரு எச்சரிக்கை. கர்நாடக இசைப் பயிற்சி உள்ளவர்களின் காந்தாரம் தானாக அசையும். இங்கே அசையக் கூடாது. அடித்தள வரியில் ஒவ்வொரு ஸ்வரமும் ஆடாமல் நிற்க வேண்டும். வளைப்பதற்கும் குழைப்பதற்கும் மேல் மெட்டில் இடம் இருக்கிறது.

ஆல்ட்டோவிலும் பாரிடோனிலும் இந்த வரிக்கு இடது கையின் மூன்று விரல்களும் கடைசிவரை மூடியே இருக்கும். எழுந்து இறங்குவது வலது கை மட்டும். டி-க்கு மூன்று விரல், ஈ-க்கு இரண்டு, எஃப்-க்கு ஒன்று, ஜி-க்கு ஒன்றுமில்லை. எளிது போலத் தெரியும். சிக்கல் ஜி-யிலிருந்து எஃப்-க்கும், அடுத்த சுற்றுக்காக எஃப்-இலிருந்து டி-க்கும் வரும்போது தெரியும். ஆள்காட்டி விரல் கீழே இருக்க, நடுவிரலும் மோதிர விரலும் ஒரே நொடியில் இறங்க வேண்டும். நடுவிரல் கண்ணிமைக்கும் நேரம் முந்தினாலும் இடையில் ஒரு ஈ எட்டிப் பார்க்கும். டி–எஃப், டி–ஜி என்ற இரண்டு தாவல்களை மட்டும் தனியாக எடுத்து, மெதுவாக, நாக்கு போடாமல் இழைத்து வாசித்துப் பழகுங்கள். இழைத்து வாசிக்கையில் விரலின் பிசகு பளிச்சென்று வெளியே வரும்; நாக்கு போட்டால் அது மறைந்துகொள்ளும்.

டெனரில் கவனம் தேவைப்படுவது பி ஃபிளாட்டுக்கு. ஆள்காட்டி விரலால் பி கீயையும் அதன் கீழுள்ள சின்னக் கீயையும் சேர்த்து அழுத்தும் வழி ஒன்று. ஏ-யைப் பிடித்துக்கொண்டு வலது கையின் பக்கக் கீயைத் திறக்கும் வழி இன்னொன்று. சி-யிலிருந்து பி ஃபிளாட்டுக்கு வரும் இந்த வரியில் நான் பக்கக் கீயைத்தான் சிபாரிசு செய்வேன். சி-க்குப் பிடித்த நடுவிரல் அப்படியே இருக்க, ஆள்காட்டி விரலும் பக்கக் கீயும் சேர்ந்தால் போதும். சின்னக் கீ வழியில் நடுவிரல் எழ ஆள்காட்டி விரல் விழ வேண்டும். வேகம் கூடும்போது அந்த மாற்றம்தான் தடுமாறும்.

ஆல்ட்டோவில் கீழ் டி கரகரத்தாலோ மேல் ஆக்டேவுக்குத் தாவினாலோ உடனே உங்கள் மேல் பழி போட்டுக்கொள்ளாதீர்கள். டி-யை ஊதிக்கொண்டே இடது சுண்டு விரலால் ஜி ஷார்ப் கீயையும் அழுத்திப் பாருங்கள். ஒலி மாறக் கூடாது. வலது கைக் கீகள் இறங்கும்போது ஜி ஷார்ப் பேடையும் சேர்த்து மூடிவைக்கும்படிதான் வாத்தியம் அமைக்கப்பட்டிருக்கிறது. ஒலி நடுங்கினால் அங்கே காற்று கசிகிறது. பழுது பார்ப்பவர் ஒரு திருகைத் திருப்பினால் சரியாகிவிடும். வாத்தியத்தில் கசிவு இல்லை என்றால் தாடையின் இறுக்கம்தான் காரணம். கீழ் ஸ்தாயிக்குத் தொண்டை திறந்திருக்க வேண்டும், கீழ் உதடு ரீடைத் தாங்கினால் போதும், கடிக்கக் கூடாது.

நேர் நடையா, ஊஞ்சல் நடையா

இந்தப் பாட்டைக் கெடுக்கும் தவறுகளில் முதலிடம் ஸ்விங் போட்டு வாசிப்பதற்கு. ஜாஸ் என்றால் ஸ்விங் என்று கற்றுக்கொண்டவர்கள் எட்டுக் குவேவர்களையும் நீளம்–குட்டை, நீளம்–குட்டை என்று ஆட்டிவிடுவார்கள். பீட்டர் கன்னில் ஓர் அட்சரத்துக்கு இரண்டு சம பாகம். சதுஸ்ர நடைக்காரர்களுக்குப் பழகிய கணக்கு. ‘தகதிமி தகதிமி’ என்று வாயால் சொல்லிக்கொண்டு, ஒவ்வொரு எழுத்துக்கும் ஒரு ஸ்வரமாக வாசித்தால் தவறவே தவறாது.

ஸ்விங் எங்கே வேண்டும் என்பதற்கும் மான்சினியிடமே எடுத்துக்காட்டு இருக்கிறது. 1963-இல் வந்த ‘தி பிங்க் பாந்தர்’ படத்தின் முகப்பிசையில் டெனர் சாக்ஸபோன் வாசித்தவர் பிளாஸ் ஜான்சன். அங்கே அட்சரம் மூன்றாகப் பிரிகிறது. ‘தகிட’வில் முதல் இரண்டு எழுத்துகளையும் சேர்த்துப் பிடித்து மூன்றாவதைத் தட்டிவிடுவதுபோல, திஸ்ர நடையின் சாயல். ஒரே இசையமைப்பாளர், இரண்டுமே துப்பறியும் கதைகள், நடை மட்டும் நேர் எதிர். இரண்டு பதிவுகளையும் அடுத்தடுத்துக் கேளுங்கள், தொடையில் தாளம் போட்டுக்கொண்டே கேளுங்கள். இதை ஒரு வாரம் செய்தவருக்கு நான் வகுப்பில் சொல்லித்தர அதிகம் மிச்சமிருக்காது.

மெட்ரோனோமை 66-இல் வைத்துத் தொடங்கலாம். முதலில் நான்கு தட்டுக்கும் ஒலிக்கட்டும். நிலைத்த பிறகு பாதி வேகத்தில், அதாவது 33-இல் வைத்து, அந்த ஒலியை இரண்டாவது தட்டாகவும் நான்காவது தட்டாகவும் எண்ணி வாசியுங்கள். டிரம் வாசிப்பவர் ஸ்னேர் அடிக்கும் இடங்கள் அவை. முதல் தட்டும் மூன்றாவது தட்டும் உங்கள் உடம்பிலிருந்து வர வேண்டும். இப்படி நான்கு நிமிடம் தடம் மாறாமல் வாசிக்க முடிந்தால் வேகத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றுங்கள். 120-க்கு வந்ததும் பாட்டு தானாக நடக்கத் தொடங்கும்.

நாக்கைப் பற்றி ஒரு வார்த்தை. ‘ட் ட் ட்’ என்று ஒவ்வொரு ஸ்வரத்தையும் வெட்டாதீர்கள். ‘து து து’ என்று நாக்கு நுனி ரீடைத் தொட்டுத் தொட்டு விலகட்டும். காற்று ஒரு நொடியும் நிற்க வேண்டாம். காற்று நின்று நின்று வந்தால் அடித்தள வரி இருமலாகிவிடும்.

அப்படியானால் மூச்சு எப்போது எடுப்பது? மூலப் பதிவில் இந்த வரியைக் கிட்டாரும் பியானோவும் வாசிக்கின்றன. அவற்றுக்கு மூச்சு வேண்டாம், நமக்கு வேண்டும். நான்கு சுற்றுக்கு ஒரு முறை கடைசி ஸ்வரத்தை விட்டுவிட்டு அந்த இடத்தில் மூச்செடுங்கள். அடுத்த சுற்றின் முதல் தட்டு மட்டும் பிந்தவே கூடாது. கேட்பவர்கள் விடுபட்ட ஸ்வரத்தைக் கவனிக்க மாட்டார்கள், பிந்திய தட்டைக் கவனிப்பார்கள். இரண்டு சாக்ஸபோன் இருந்தால் ஆளுக்கு நான்கு சுற்று என்று மாற்றி மாற்றி வாசிப்பது இன்னும் நல்லது. தனியாகப் பழகுகிறவர் தன் அடித்தள வரியைக் கைபேசியில் பதிவு செய்து, அதை ஓடவிட்டு மேல் மெட்டை வாசிக்கலாம். கடையில் கிடைக்கும் பேக்கிங் டிராக்கைவிட இதில் பயன் அதிகம். உங்கள் லயம் எங்கே ஓடுகிறது, எங்கே தேங்குகிறது என்பதை உங்கள் பதிவே காட்டிக்கொடுக்கும்.

மேலே வரும் குரல்

மேல் மெட்டு அடித்தள வரிக்கு நேர் மாறான குணம் கொண்டது. கீழே ஓயாத நடை. மேலே நீண்டு நிற்கும் ஸ்வரங்கள், நடுவே நிறைய வெற்றிடம். அந்த வெற்றிடத்தை நிரப்பத் துடிக்காதீர்கள். ஒரு நீண்ட ஸ்வரத்தைத் தொடக்கத்தில் அழுத்தமாகப் போட்டு, உடனே கொஞ்சம் தணித்து, பிறகு காற்றைக் கூட்டி வளர்த்து, முடிவில் கச்சிதமாக நிறுத்தப் பழகுங்கள். டிம்பர் என்றும் டோன் என்றும் பலர் பலவாறு சொல்லும் ஒலியின் குணம் இந்த நீண்ட ஸ்வரங்களில்தான் கேட்பவருக்குத் தெரிகிறது. நாள்தோறும் பயிற்சியின் முதல் பத்து நிமிடத்தை நீண்ட ஸ்வரங்களுக்கு ஒதுக்குங்கள் என்று எல்லா ஆசிரியர்களும் சொல்வது இதற்காகத்தான்.

ஸ்வரத்துக்குக் கீழிருந்து வழுக்கி ஏறுவதை ஸ்கூப் என்பார்கள். விரல் சரியான ஸ்வரத்திலேயே இருக்கும். தாடையை லேசாகத் தளர்த்திச் சுருதியை இறக்கி, உடனே பழைய நிலைக்குக் கொண்டுவர வேண்டும். இதைப் பழகச் சுலபமான வழி, மவுத்பீஸை மட்டும் கழற்றி ஊதுவது. ஆல்ட்டோ மவுத்பீஸ் தனியாகக் கான்சர்ட் ஏ-க்கு அருகில் ஒலிக்க வேண்டும் என்பது பல ஆசிரியர்கள் வைத்திருக்கும் அளவு. அங்கிருந்து தாடையாலும் தொண்டையாலும் மட்டும் மெல்லக் கீழே இறங்கி மேலே ஏறிப் பாருங்கள். முதலில் ஓர் அரை ஸ்வரம்தான் நகரும். பழகப் பழக நான்கைந்து ஸ்வர தூரம் வழுக்கலாம்.

சாக்ஸபோனில் கர்நாடக சங்கீதத்தை நிலைநாட்டிய கத்ரி கோபால்நாத்தின் வாசிப்பையும், 1994-இல் வந்த ‘டூயட்’ படத்தில் அவர் வாசித்ததையும் கேட்டு இந்த வாத்தியத்தின் பக்கம் வந்த தமிழர்கள் ஏராளம். ஸ்வரத்துக்கும் ஸ்வரத்துக்கும் இடையில் உள்ள தூரத்தைச் சாக்ஸபோனில் எவ்வளவு நுட்பமாகக் கடக்கலாம் என்பதற்கு அவர் பதிவுகளே சான்று. அந்தக் காது உங்களுக்கு இருந்தால் ஸ்கூப் சீக்கிரம் வசப்படும். ஆனால் அளவு வேறு: கமகம் ராகத்தின் உயிர், அது இல்லாமல் ராகம் இல்லை. பீட்டர் கன்னில் ஸ்கூப் ஓர் அழுத்தக் குறிதான். ஒரு வரிக்கு ஒன்று போதும். எல்லா ஸ்வரத்துக்கும் போட்டால் போதையில் பாடுவது போலாகும்.

உறுமல்

துப்பறியும் இசை என்றதும் எல்லாரும் கேட்பது இதைத்தான். க்ரவுல் எனப்படும் உறுமலுக்கு மந்திரம் ஒன்றுமில்லை. ஊதும்போதே தொண்டையால் ஒரு ஸ்வரத்தை முனக வேண்டும். முனகும் ஸ்வரமும் வாசிக்கும் ஸ்வரமும் ஒன்றாக இருக்கக் கூடாது. இரண்டும் மோதும்போது பிறக்கும் கரகரப்புதான் உறுமல். ஒரே ஸ்வரத்தை முனகினால் மோதல் இருக்காது, ஒலி கொஞ்சம் தடிக்கும், அவ்வளவுதான்.

பழகும் முறை இது. வாத்தியம் இல்லாமல் உதட்டைக் குவித்துக் காற்றை ஊதிக்கொண்டே ‘ஊ’ என்று முனகுங்கள். காற்றும் குரலும் ஒரே சமயத்தில் வர வேண்டும். முதலில் ஒன்று வந்தால் மற்றொன்று நின்றுவிடும். இரண்டு மூன்று நாளில் சேர்ந்து வரும். பிறகு வாத்தியத்தில் ஆக்டேவ் கீ போட்ட ஜி, ஏ, பி ஸ்வரங்களில் முயலுங்கள். நடு ஸ்தாயிக்கு மேலே உறுமல் எளிதாக வரும். அடி ஸ்தாயியில் அனுபவசாலிகளுக்கே சிரமம். தொண்டை எரிந்தாலோ குரல் கம்மினாலோ அன்றைக்கு நிறுத்திவிடுங்கள். குரல் நாண்களை இறுக்கித் தேய்ப்பது உறுமல் ஆகாது. சாதாரணமாகப் பாடும் குரலே போதும். மேடைப் பாடகர்களும் ஆசிரியர்களும், குரலை நம்பித் தொழில் செய்கிற எவரும், ஒரு நாளைக்கு ஐந்து நிமிடத்துக்கு மேல் இதைப் பழக வேண்டாம்.

பாட்டில் எங்கே உறுமுவது? என் தீர்ப்பு: மெட்டை முதல் முறை வாசிக்கும்போது சுத்தமான ஒலியில் வாசியுங்கள். இரண்டாம் முறை உச்சத்தில் நிற்கும் ஸ்வரத்தில் மட்டும் உறுமுங்கள். கடைசி முறை விருப்பம்போல. முதல் நொடியிலிருந்தே உறுமிக்கொண்டு வருபவரிடம் கடைசியில் காட்ட ஒன்றும் இருக்காது.

ரீட், மவுத்பீஸ் பற்றி நிறையப் பணம் செலவாகும் முன் ஒன்று சொல்கிறேன். உலோக மவுத்பீஸ் வாங்கினால்தான் அந்தச் சத்தம் வரும் என்பது உண்மையில்லை. உங்களிடம் உள்ள சாதாரண ரப்பர் மவுத்பீஸும் 2½ எண் ரீடும் இந்தப் பாட்டுக்குத் தாராளம். 3½, 4 என்று கனமான ரீடுக்குத் தாவியவர்கள் ஸ்கூப் வராமல் தவிப்பதைத்தான் பார்க்கிறேன். அடுக்குமாடிக் குடியிருப்பில் பழகுகிறவர்கள் பெல்லுக்குள் துணியை அடைத்துப் பார்த்திருப்பீர்கள், பயன் இருந்திருக்காது. சாக்ஸபோனின் சத்தம் உடம்பு முழுக்க உள்ள துளைகள் வழியாக வெளியேறுகிறது, பெல் வழியாக முழுமையாக வருவது அடிமட்ட ஸ்வரங்கள் மட்டுமே. துணிகள் தொங்கும் அலமாரியைத் திறந்து அதைப் பார்த்து வாசியுங்கள், ஓரளவு அடங்கும்.

கற்பனைக்கு இடம்

தனி ஆவர்த்தனம் வாசிக்க உங்களுக்கு வாய்ப்புக் கிடைத்தால் பயப்பட வேண்டாம். கார்டு மாறவே மாறாது என்பதால் வழி தவறவும் இடமில்லை. ஆல்ட்டோவில் டி, எஃப், ஜி, ஏ ஃபிளாட், ஏ, சி. டெனரில் ஜி, பி ஃபிளாட், சி, டி ஃபிளாட், டி, எஃப். புளூஸ் ஸ்கேல் எனப்படும் இந்த ஆறு ஸ்வரங்களே போதும். கார்டு மாறாத இடத்தில் கேட்பவரைக் கட்டிப்போடுவது ஸ்வரங்களின் எண்ணிக்கை அல்ல, தாளத்தில் அவை விழும் இடம்தான். மூன்றே ஸ்வரத்தை வைத்துக்கொண்டு இரண்டு சுற்றில் ஒரு கேள்வி கேளுங்கள், அடுத்த இரண்டு சுற்றில் அதே தாளத்தில் பதில் சொல்லுங்கள். கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே அடித்தள வரி தெளிவாகக் கேட்கும்படி நிறுத்துங்கள். ஏ ஃபிளாட்டில், டெனரில் என்றால் டி ஃபிளாட்டில், நிற்காதீர்கள். அது தாண்டிப் போகும் ஸ்வரம், தங்கும் ஸ்வரம் இல்லை.

முடிவில் ஃபால் போடலாம். கடைசி ஸ்வரத்தைப் பிடித்து, காற்றைக் குறைத்துக்கொண்டே, தாடையைத் தளர்த்தி, விரல்களை அரை அரை ஸ்வரமாகக் கீழே இறக்கிவிட வேண்டும். காற்று முதலில் மறைய வேண்டும், விரல் பிறகு. விரல் முந்தினால் ஸ்கேல் பயிற்சி போலக் கேட்கும்.

குழுவோடு வாசிக்கும்போது

கிட்டார் வாசிக்கும் நண்பர் இந்தப் பாட்டை ஈ சுருதியில்தான் கற்றிருப்பார். திறந்த கம்பியில் விழும் என்பதால் தொடக்கநிலைக் கிட்டார்காரர்கள் பலர் அப்படித்தான் பழகுகிறார்கள். ஈ-யில் வாசித்தால் ஆல்ட்டோவுக்கு சி ஷார்ப், டெனருக்கு எஃப் ஷார்ப். இரண்டுமே விரலுக்கு இடைஞ்சல். அவரை ஒரு கட்டு மேலேற்றி எஃப்-க்கு வரச் சொல்லுங்கள். மூலப் பதிவும் அந்தச் சுருதிதான் என்பதால் அவர் மறுக்கக் காரணமில்லை. டுவேன் எடி கிட்டாரில் வாசித்த பதிவையும், 1980-இல் வந்த ‘தி புளூஸ் பிரதர்ஸ்’ படத்தின் குழு வாசித்ததையும் குழுவாக உட்கார்ந்து கேளுங்கள். அதே அடித்தள வரி, அதே பிடிவாதம். மேலே ஒவ்வொருவரும் தத்தம் வண்ணத்தைச் சேர்த்திருக்கிறார்கள்.

குளிரூட்டிய அரங்கில் வாசிப்பதாக இருந்தால் மேடையேறுவதற்குப் பத்து நிமிடம் முன்பே ஊதிச் சூடேற்றிவிட்டுச் சுருதி சேருங்கள். குளிர்ந்த சாக்ஸபோன் சுருதி இறங்கி ஒலிக்கும். வாசிக்க வாசிக்க ஏறும். குளிர்ந்தபோது சேர்த்த சுருதி பாட்டின் நடுவில் கிட்டாரோடு ஒட்டாது. முடிவு எப்படி என்பதை முன்கூட்டியே பேசிக்கொள்ளுங்கள்: எத்தனை சுற்று, யார் சைகை காட்டுவது, கடைசித் தட்டு எது. திரும்பத் திரும்ப வரும் பாட்டுகள் முடிவில்தான் சிதறும்.

வாசித்ததைப் படம்பிடித்து இணையத்தில் ஏற்றுகிறவர்களுக்கு: மான்சினி 1994-இல் காலமானார். இந்தியச் சட்டப்படி இசைப் படைப்புக்கான பதிப்புரிமை, படைத்தவரின் மறைவுக்குப் பிறகு 60 ஆண்டுகள் நீடிக்கும். ஆகவே இது இன்னும் உரிமை உள்ள பாட்டு. காணொலியில் வரும் வருமானம் உரிமையாளருக்குப் போனால் அது முறைதான். கட்டணம் வாங்கும் நிகழ்ச்சி என்றால் ஐ.பி.ஆர்.எஸ். என்ற இசை உரிமை அமைப்பிடம் உரிமம் பெறுவது பற்றி ஏற்பாட்டாளரிடம் கேட்டு வையுங்கள்.

இதற்கு அடுத்த பாட்டாக எதை எடுக்கலாம் என்று கேட்டால், ஏர்ல் ஹேகன் 1939-இல் எழுதிய ‘ஹார்லம் நாக்டர்ன்’ என்பேன். 1984-இல் மைக் ஹாமர் தொலைக்காட்சித் தொடரின் முகப்பிசையாக அது மறுவாழ்வு பெற்றது. அது முழுக்கச் சாக்ஸபோனுக்கே உரிய மெட்டு. மெதுவான நடை, கார்டுகள் நகர்ந்துகொண்டே இருக்கும், ஒளிந்துகொள்ள ஓர் இடமும் கிடையாது. அதற்கு அவசரப்படாதீர்கள். பீட்டர் கன்னை ஒரு முறையாவது ஆட்கள் முன்னால், உயிருள்ள டிரம்மரோடு, வேகம் ஏறாமல் இறங்காமல் வாசித்து முடித்த பிறகு அந்தத் தாளைத் திறங்கள்.